டீசல் தொட்டியும் பேராசிரியர் சுப்பிரமணியனும்



மலர்க் குழுவினர் போன் செய்து "கட்டுரை ஒன்று வேண்டும், விஞ்ஞானி யாரைப் பற்றியாவது எழுதேன்" என்று கேட்டபோது, நான் ராமனைப் பற்றியோ ராமானுஜனைப் பற்றியோ எழுதுவேன் என்றுதான் நினைத்திருப்பார்கள். நான் 2007-10 இயற்பியல் அணி. பிறகு லேட்டரல் என்ட்ரியில் பி.இ. முடித்து, இந்தப் பக்கத்துத் தொழிற்சாலைகளிலேயே காலம் தள்ளுகிறவன். அப்படிப்பட்டவன் பூஞ்சணத்தைப் பற்றி எழுதப் போகிறேன் என்றதும் எதிர்முனையில் சற்று நேரம் பேச்சே இல்லை. "ஊறுகாய்ல பூக்குமே, அதுவா?" என்றார் நண்பர். அதுவேதான். அதைப் படிப்பதற்கென்றே ஆயுளைச் செலவிட்ட ஒரு மனிதர் நம்ம ஊர் மெரினா கடற்கரையில் இருந்த ஓர் ஆய்வுக்கூடத்தில் உலகம் மதிக்கும் வேலை செய்தார். அவர் பெயர் சி. வி. சுப்பிரமணியன். நான் அவரை நேரில் பார்த்ததில்லை. அவர் பெயரை முதன்முதலாகக் கேட்டபோது அவர் காலமாகி ஒரு மாதம்கூட ஆகியிருக்கவில்லை. அவரை நான் தெரிந்துகொண்ட விதம் ஒரு டீசல் தொட்டி வழியாக. அதில் எனக்குப் பெருமைப்பட ஒன்றுமில்லை, இருந்தாலும் அதிலிருந்தே தொடங்குகிறேன்.

2015 டிசம்பர் வெள்ளம் நம்மில் யாருக்கும் மறந்திருக்காது. கொசஸ்தலை ஆற்றுப் பக்கம் இருந்தவர்கள் பட்ட பாடு தனிக்கதை. அப்போது எண்ணூர் நெடுஞ்சாலைப் பக்கம் ஒரு தொழிற்சாலையில் (பெயர் வேண்டாம்) நான் பராமரிப்புப் பிரிவில் ஜூனியர் இன்ஜினீயர். வெள்ளம் வடிந்து, எல்லாவற்றையும் துடைத்து, காயவைத்து உற்பத்தி தொடங்கினோம். ஜனவரி மாதம் ஜெனரேட்டர் தகராறு செய்ய ஆரம்பித்தது. லோடு ஏற்றினால் திணறும், மூச்சுத் திணறுகிற ஆஸ்துமாக்காரர் மாதிரி ஏறி இறங்கும், பிறகு நின்றுவிடும். ஃபில்டரைக் கழற்றினால் உள்ளே கருப்பாக, வழவழப்பாக, ஏதோ விலங்கின் தோல் போல ஒன்று சுருண்டு கிடந்தது. புது ஃபில்டர் போட்டோம். மூன்றே நாளில் மறுபடி அதே தோல்.

வாலிப வயது, கையில் அதிகாரம் கொஞ்சம், அறிவு அதைவிடக் கொஞ்சம். "டீசலில் கலப்படம்" என்று முடிவு கட்டினேன். எங்களுக்குப் பேரல்களில் டீசல் கொண்டு வந்தவர் தண்டையார்பேட்டைக்காரர் ஒரு டிரைவர் அண்ணன். ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். கேட் அருகில் நிற்கவைத்து நான்கு பேர் முன்னால் கேட்டேன். அவர் சொன்னது இன்றும் காதில் இருக்கிறது: "இன்னா சார், நான் தண்ணி கலந்துட்டேன்றியா? முப்பது வருஷமா வண்டி ஓட்றேன் சார். ஒரு சொட்டு கலந்திருந்தா என் புள்ள மேல சத்தியம்." நான் கேட்கவில்லை. பர்ச்சேஸ் பிரிவுக்கு ஒரு குறிப்பு எழுதினேன். மறுவாரத்திலிருந்து வேறு வண்டி வந்தது.

வேறு வண்டி வந்தும் தோல் நிற்கவில்லை. அனுப்பிவைத்த டீசல் மாதிரியின் சோதனை முடிவும் வந்தது: அடர்த்தி சரி, எல்லாமே சரி. அப்போதுதான் வயிற்றைக் கலக்க ஆரம்பித்தது.

அந்த மார்ச் மாதம் ஏதோ ஒரு சான்றிதழுக்காக நம் கல்லூரிக்கு வந்திருந்தேன். பையில் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் அந்தக் கருந்தோல் இருந்தது, கெமிஸ்ட்ரியில் யாரிடமாவது காட்டலாம் என்று. வராந்தாவில் தாவரவியல் பேராசிரியர் ஒருவரைச் சந்தித்தேன். அப்போது ஓய்வு பெற்றிருந்தார், பழைய மாணவர்களுக்கு உதவ வாரம் ஒருமுறை வந்துகொண்டிருந்தார். தன் பெயரைப் போடக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டதால் அவரை 'சார்' என்றே குறிப்பிடுகிறேன். தாவரவியல் தோழர்களுக்கு யாரென்று தெரிந்துவிடும்.

சார் பாட்டிலைத் திறந்து முகர்ந்தார். ஊசி முனையால் துளி எடுத்து, கண்ணாடித் தகட்டில் நீலச் சாயம் விட்டு, மைக்ராஸ்கோப்பில் வைத்தார். ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு என்னைப் பார்க்கச் சொன்னார். இழை இழையாக ஒரு காடு. நடுவே சின்னச் சின்ன மரங்கள். கிளை பிரிந்து, கிளை நுனிகளில் முட்டை வடிவ மணிகள் கோத்த மாலைகள். "கலப்படமும் இல்ல, ஒண்ணும் இல்ல. இது பூசணம். டீசல் குடிச்சு வளருது. உங்க தொட்டி அடியில தண்ணி நிக்குது, வடிச்சீங்களா?" என்றார்.

வடிக்கவில்லை. வெள்ளத்தின்போது தொட்டியின் காற்றுக் குழாய் வழியாகத் தண்ணீர் இறங்கியிருக்கிறது. அடி வால்வைத் திறந்து வடித்திருக்க வேண்டியது என் வேலை. செக்லிஸ்டில் இருந்த வரி. நான்தான் டிக் அடித்திருந்தேன்.

சார் அதை ஊடகத்தில் வளர்த்துப் பார்த்துப் பத்து நாள் கழித்துப் பெயர் சொன்னார்: ஹார்மோகோனிஸ் ரெசினே. பழைய பெயர் கிளாடோஸ்போரியம் ரெசினே. பேச்சு வழக்கில் மண்ணெண்ணெய்ப் பூஞ்சை. தார் எண்ணெய் பூசிய மரங்களில் முன்பே அறியப்பட்டிருந்த இது, 1950-60களில் ஜெட் விமானங்களின் எரிபொருள் தொட்டிகளில் முளைத்து உலகப் புகழ் பெற்றது. எண்ணெயும் தண்ணீரும் சந்திக்கும் எல்லையில் உட்கார்ந்துகொள்ளும்; குடிக்கத் தண்ணீர் கீழே, சாப்பிட ஹைட்ரோகார்பன் மேலே. நல்ல வாடகை வீடு. அது வெளியிடும் அமிலங்கள் அலுமினியத்தையே அரித்துவிடும். அதனால்தான் விமானக்காரர்கள் தொட்டியடித் தண்ணீரை அவ்வளவு சிரத்தையாக வடிக்கிறார்கள்.

"இதெல்லாம் எப்படி சார் பார்த்தவுடனே சொல்றீங்க?" என்று கேட்டேன். சார் அலமாரியிலிருந்து ஒரு கனத்த புத்தகத்தை எடுத்து மேஜையில் வைத்தார். "இந்தப் புத்தகம் எழுதினவர் சொல்லிக்கொடுத்த பாணி. போன மாசம்தான் காலமானார். பேப்பர்ல பார்த்தியா?" நான் பார்க்கவில்லை.

அதுதான் சி. வி. சுப்பிரமணியன் எழுதி, இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகம் 1971இல் வெளியிட்ட, இந்திய ஹைஃபோமைசீட்ஸ் பற்றிய தொகுப்பு. 930 பக்கம். ஹைஃபோமைசீட்ஸ் என்றால் நம் ரொட்டியில், சுவரில், செருப்பில், வாடிய இலையில் பூக்கும் பூசணங்களின் பெருங்கூட்டம். பெனிசிலின் தந்த பெனிசிலியமும் அதில்தான் சேர்த்தி. என் டீசல் தொட்டி விருந்தாளியும் அந்தக் கூட்டத்து ஆள்தான்.

சுப்பிரமணியன் 1924 ஆகஸ்ட் 11இல் எர்ணாகுளத்தில் பிறந்தவர். வாழ்க்கையின் பெரும்பகுதி சென்னையில். சென்னைப் பல்கலைக்கழகத் தாவரவியல் ஆய்வுக்கூடம் என்பது அந்நாளில் ஒரு சாதாரண இடமல்ல. அதைத் தொடக்கத்தில் நடத்தியவர் பாசிகளின் ஆராய்ச்சியில் உலகப் பெயர் பெற்ற எம். ஓ. பார்த்தசாரதி ஐயங்கார். அவருக்குப் பின் வந்தவர் டி. எஸ். சதாசிவன். இங்கிலாந்தில், கோதுமை வைக்கோல் மண்ணில் மட்கும்போது எந்தெந்தப் பூஞ்சை எந்த வரிசையில் வந்து தின்கிறது என்று ஆராய்ந்து 1939இல் கட்டுரை எழுதியவர். இங்கே வந்து பருத்தி வாடல் நோயைக் கையில் எடுத்தார். ஃபுசேரியம் என்ற மண் பூஞ்சை வேர் வழியாக ஏறிப் பருத்திச் செடியை வாட்டிவிடும். அது செடிக்குள்ளேயே ஃபுசேரிக் அமிலம் என்ற நஞ்சைச் சுரக்கிறது என்பதைச் சென்னைக் குழுவினர் 1950களில் காட்டினார்கள். சுப்பிரமணியன் சதாசிவனிடம் சேர்ந்தது இந்தப் பருத்தி வாடல் வேலையில்தான். 1960இல் சதாசிவனுக்கு சாந்தி ஸ்வரூப் பட்நாகர் விருது. 1965இல் மாணவருக்கு அதே விருது. குருவும் சீடரும் ஐந்து வருட இடைவெளியில்!

ஆனால் சீடர் பாதை கொஞ்சம் விலகியது. நோயை ஆராயப் போனவருக்கு, நோய் செய்கிறது யார் என்று சரியாகப் பெயர் சொல்வதே முதல் சிக்கல் என்று பட்டிருக்க வேண்டும். 1950களின் தொடக்கத்தில் "சென்னையின் முழுமையற்ற பூஞ்சைகள்" என்ற பொருளில் ஒரு கட்டுரை வரிசையை ஆங்கிலத்தில் எழுதத் தொடங்கினார். சென்னை என்றால் அன்றைய மாநிலம். காய்ந்த குச்சி, பனைமட்டை, மரப்பட்டை, உதிர்ந்த இலை, இவையெல்லாம்தான் இந்தத் துறையின் புதையல். சேகரித்ததைக் காகித உறையில் போட்டுக்கொண்டு வந்து, ஈரம் தோய்ந்த தாளுடன் மூடிய கண்ணாடித் தட்டில் வைத்துக் காத்திருப்பார்கள். சில நாளில் பூக்கும். பூத்ததை வரைவார்கள். கேமரா இருக்கலாம், ஆனாலும் வரைய வேண்டும் என்பது சாரின் பிடிவாதம். "வரையும்போதுதான் கண்ணு பார்க்கும்."

"முழுமையற்ற" என்று ஏன் பெயர்? பூஞ்சைகளை அவற்றின் பாலினப் பெருக்க உறுப்புகளைக் கொண்டு வகைப்படுத்துவது மரபு. ஆயிரக்கணக்கான பூஞ்சைகளில் அந்த நிலை யார் கண்ணிலும் பட்டதே இல்லை. வெறும் வித்துகளைத் தள்ளிக்கொண்டே காலம் கழிக்கின்றன. அவற்றையெல்லாம் ஒரு மூட்டையில் கட்டி 'முழுமையற்றவை' என்று பெயர் ஒட்டிவிட்டார்கள். அந்த மூட்டையைப் பிரித்து அடுக்க, இத்தாலிக்காரர் சக்கார்டோ 19ஆம் நூற்றாண்டில் ஒரு வழி சொன்னார்: வித்து என்ன நிறம், என்ன வடிவம், குறுக்குச் சுவர் எத்தனை. எளிய வழி, எவரும் கையாளலாம். உலகமே அதைப் பின்பற்றியது.

பொறியியல் தோழர்களுக்கு நம்ம பாஷையில் சொல்கிறேன். ஸ்டோர்ஸில் ஒரு பழைய ஸ்டோர்கீப்பர் போல்ட்டுகளை நிறத்தையும் நீளத்தையும் வைத்து அடுக்கியிருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டும் கருப்பு, இரண்டும் நாலு அங்குலம், ஒரே பெட்டி. ஆனால் ஒன்று அடித்துச் செய்த ஃபோர்ஜிங், மற்றது லேத்தில் கடைந்தது. லோடு ஏற்றினால்தான் வித்தியாசம் தெரியும், அதற்குள் மெஷின் போய்விடும். எப்படிச் செய்யப்பட்டது என்பதை வைத்து அடுக்குவதுதானே முறை?

பூஞ்சை வித்துகளுக்கும் அதே கேள்வியைக் கேட்டவர்களில் முக்கியமானவர் கனடாவில் பணியாற்றிய ஸ்டான்லி ஹ்யூஸ். வித்து எப்படி உண்டாகிறது என்பதை அடிப்படையாகக் கொண்டு 1953இல் ஒரு பெரிய கட்டுரை வெளியிட்டார். அதைக் கையில் எடுத்துக்கொண்டு, ஹைஃபோமைசீட்ஸ் முழுவதற்கும் குடும்பங்கள் வகுத்து ஒரு வகைப்பாட்டை 1962இல் முன்வைத்தவர் நம் சுப்பிரமணியன். மெரினாவிலும் ஆட்டவாவிலும் ஒரே கேள்வி ஓடிக்கொண்டிருந்திருக்கிறது.

சார் எனக்கு அந்த வகைகளைக் காட்டினார், இரண்டு சனிக்கிழமைகள். நான் வாழ்க்கையில் பார்த்த மிகச் சிறிய தொழிற்சாலைகள் அவைதான். சில பூஞ்சைகளில் இழையே துண்டு துண்டாக ஒடிந்து வித்தாகிவிடும், கம்பியை வெட்டுவது போல. சிலவற்றில் செல்லின் நுனி பலூன் போல ஊதி, ஊதினது வித்தாகும். சிலவற்றில் ஃபயலைடு என்று ஒரு குப்பி. அதன் கழுத்து வழியே ஒன்றன் பின் ஒன்றாக வித்துகள் தள்ளப்பட்டு வெளியே வரும். குப்பி இருந்த இடத்திலேயே இருக்கும், நீளமும் மாறாது. அசல் எக்ஸ்ட்ரூஷன் பிரெஸ்! இன்னொரு வகையில் ஒவ்வொரு வித்து கழன்றதும் கழுத்தில் ஒரு வளையத் தழும்பு விழும், கழுத்தும் அந்த அளவுக்கு நீளும். தழும்பை எண்ணினால் எத்தனை வித்து உற்பத்தியானது என்று சொல்லிவிடலாம். ஷிஃப்ட் முடிவில் சுவரில் கோடு கிழித்து எண்ணிக்கை வைப்பது போல. 1969இல் கனடாவின் கனனாஸ்கிஸ் மலைப்பகுதியில் இத்துறையின் நிபுணர்கள் கூடி இந்த வகைகளையெல்லாம் விவாதித்தார்கள். அதிலிருந்து 1971இல் வந்த நூலில் அந்தக் குப்பியைப் பற்றிய அத்தியாயம் சுப்பிரமணியனுடையது.

இப்போது பெயர்களுக்கு வருகிறேன். எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான்.

புதிய பேரினம் ஒன்றைக் கண்டுபிடித்தவருக்குப் பெயர் வைக்கும் உரிமை உண்டு. பெரும்பாலோர் கிரேக்க, லத்தீன் சொற்களைத் தேடுவார்கள். விதிப்படி எந்த மொழிச் சொல்லையும் லத்தீன் வடிவத்தில் எழுதிக்கொள்ளலாம். சுப்பிரமணியன் வடமொழியை எடுத்தார். 1953இல் கூர்ச்சலோமா: தூரிகைக் கற்றை போன்ற மயிர். பிறகு வக்ரபீஜா: வளைந்த விதை. குடிலகேசா: சுருட்டை முடி. பஹுசந்திகா: பல மூட்டுகள் உள்ளது. த்வயபீஜா: இரண்டு வித விதை. 1978இல் ஒரு மாணவியுடன் சேர்ந்து அர்த்தசந்திரா: வித்து அரைநிலா வடிவம். ஜப்பானிலும் ஜெர்மனியிலும் பிரேசிலிலும் பூஞ்சை படிப்பவர்கள் இந்தச் சொற்களை வாய் சுளுக்கச் சொல்லிப் பார்ப்பார்கள் என்று நினைக்கும்போதே சிரிப்பாக இருக்கிறது. கூர்ச்சலோமாவின் முதல் சிற்றினத்துக்கு அவர் வைத்தது 'மாட்ரீயா'. அதைப் படித்தால் என் காதில் மெட்ராஸ் என்றுதான் விழுகிறது.

எனக்கு ஒரு சின்ன மனக்குறை. என் கண்ணில் பட்ட பட்டியலில் ஒரு 'கூந்தல்', ஒரு 'பிறை' இல்லை. சாரிடம் சொன்னேன். "நீ ஒண்ணு கண்டுபிடி, தமிழ்ல வை. யார் தடுக்கிறா?" என்றார். நியாயம்தான்.

பெரியவர்களையும் அவர் மறக்கவில்லை. ஐயங்காருக்கு ஐயங்காரினா, குருவுக்கு சதாசிவானியா, கியூவில் இருந்த பூஞ்சையியலாளர் எட்மண்ட் மேசனுக்கு எட்மண்ட்மேசோனியா என்று மூன்று பேரினங்கள். பின்னால் நெதர்லாந்தில் இருந்த வான் ஆர்க்ஸ் ஒரு பேரினத்துக்கு சுப்பிரமணியுலா என்று இவர் பெயரையே வைத்தார். சிலை வைப்பதைவிட இது செலவு குறைவு, காக்கையும் உட்காராது.

பெயர் வைப்பது ஏதோ பொழுதுபோக்கு என்று நினைத்துவிடக் கூடாது. நெல்லில் பழுப்புப் புள்ளி நோய் என்று ஒன்று. இலையில் எள் தூவினாற்போல் புள்ளி விழும், முற்றினால் மணி பதராகும். 1942இல் வங்காளத்தில் இது கடுமையாகத் தாக்கியது. அடுத்த ஆண்டு பஞ்சம். இறந்தவர்கள் இருபது முதல் முப்பது லட்சம் என்பது கணக்கு. கட்டாக் நெல் ஆராய்ச்சி நிலையத்தைச் சேர்ந்த எஸ். ஒய். பத்மநாபன் 1973இல் எழுதிய கட்டுரையில் பஞ்சத்துக்கு இந்த நோயே பெரிய காரணம் என்றார். அமர்த்தியா சென் 1981இல் வந்த தம் நூலில், அரிசி அவ்வளவொன்றும் குறையவில்லை, ஏழைகளுக்கு வாங்கும் சக்தி இல்லாமல் போனதே காரணம் என்று வாதிட்டார். போர்க்கால அரசின் பொறுப்பைப் பூசணத்தின் தலையில் கட்டிவிட முடியாது என்றுதான் எனக்கும் படுகிறது. ஆனால் வயலில் பூசணம் இருந்ததும் பொய்யில்லை.

அந்தப் பூஞ்சைக்குப் பழைய பெயர் ஹெல்மிந்தோஸ்போரியம் ஒரைசே. ஹெல்மிந்தோஸ்போரியம் என்பதே புழு வடிவ வித்துடைய எல்லாவற்றையும் போட்டு அமுக்கிய ஒரு பழைய பெட்டி. 1966இல் சுப்பிரமணியனும் பி. எல். ஜெயினும் புல் இனங்களைத் தாக்கும் பூஞ்சைகள் பலவற்றை அதிலிருந்து எடுத்து டிரெக்ஸ்லெரா என்ற பேரினத்துக்கு மாற்றினார்கள். நெல்லைத் தாக்குவது டிரெக்ஸ்லெரா ஒரைசே, மக்காச்சோளத்தைத் தாக்குவது டிரெக்ஸ்லெரா மேடிஸ் என்று ஆயின. நான்கு வருடம் கழித்து, 1970இல், அந்த மேடிஸின் ஒரு ரகம் அமெரிக்க மக்காச்சோள விளைச்சலில் ஏறத்தாழ 15 சதவீதத்தை அழித்தது. வயல் முழுக்க ஒரே தாய்வழி கலப்பின விதை. பூஞ்சைக்கு ஒரு சாவி போதுமாக இருந்தது.

இன்று அந்த இரண்டுக்குமே பெயர் பைபோலாரிஸ். வித்து முளைக்கும்போது இரு முனைகளிலிருந்தும் முளைவிடும் கூட்டத்துக்கு ஷூமேக்கர் 1959இல் வைத்த பெயர் அது, அதுதான் நிலைத்தது. ஆக சுப்பிரமணியன் மாற்றிய பெயரும் மாறிவிட்டது. வக்ரபீஜாவும் நிற்கவில்லை, ஜப்பானில் ஹாரா என்பவர் முன்பே வைத்திருந்த நகடேயா முந்திக்கொண்டது. "அப்போ அவர் செஞ்சது தப்பா சார்?" என்று கேட்டேன். சார் கொஞ்சம் கோபப்பட்டார். "ரோடு போடறவன் மேல அடுத்த லேயர் போடறாங்க. கீழ இருக்கிறது தப்புன்னு அர்த்தமா?"

1973இல் இந்தியப் பூஞ்சையியல் சங்கத்தைத் தோற்றுவித்தவர்களில் முதன்மையானவர் சுப்பிரமணியன். சங்கத்தின் ஆய்விதழுக்கு 'கவகா' என்று பெயர். காளானைக் குறிக்கும் வடமொழிச் சொல். அதன் முதல் தொகுதியிலேயே எஸ். ரகுகுமார் கடலில் கிடக்கும் மரத்தைத் தின்னும் பூஞ்சைகளைப் பற்றி எழுதியிருக்கிறார். காசிமேட்டில் வளர்ந்தவர்களுக்கு இது புதிதல்ல. பழைய படகின் பலகையை நகத்தால் அழுத்தினால் மெத்தென்று உள்ளே போகும் பாருங்கள், "மரம் செத்துப் போச்சு" என்பார்கள். கொன்ற கூட்டத்தில் பூஞ்சைக்கும் பங்கு உண்டு. சதாசிவனுக்குப் பிறகு தாவரவியல் உயராய்வு மையத்தின் பொறுப்பையும் சுப்பிரமணியன் ஏற்றார். சர்வதேசப் பூஞ்சையியல் சங்கத்துக்கும் தலைவராக இருந்தார். 1983இல் லண்டனில் ஹைஃபோமைசீட்ஸ் பற்றிய இன்னொரு பெரிய நூல் வந்தது. விருது, பதவி விவரங்களை இதற்கு மேல் நீட்டவில்லை; கலைக்களஞ்சியத்தில் கிடைக்கும்.

இப்போது காலம் மாறிவிட்டது. டி.என்.ஏ.வைப் படித்துவிட்டால், பாலின நிலை தெரியாத பூஞ்சையையும் அதன் உறவினரோடு சேர்த்துவிடலாம். 2011இல் மெல்போர்னில் கூடிய தாவரவியல் மாநாடு, ஒரு பூஞ்சைக்கு இனி ஒரே பெயர்தான் என்று தீர்மானித்தது. 'முழுமையற்றவை' என்ற தனி மூட்டைக்கு இனி வேலையில்லை. நல்லதுதான். ஆனால் சாரின் கவலை வேறு. பார்த்துப் பெயர் சொல்லத் தெரிந்த கண்கள் குறைந்துகொண்டே வருகின்றன, அந்த வேலைக்கு மாணவர்கள் வருவதில்லை, வந்தாலும் சம்பளம் இல்லை என்கிறார். எனக்கு இதில் கருத்துச் சொல்லத் தகுதியில்லை. என் தொட்டிக்கு அன்று டி.என்.ஏ. பரிசோதனை செய்ய எங்கள் நிர்வாகம் காசு கொடுத்திருக்காது என்பது மட்டும் உறுதி. ஊசி முனையும் நீலச் சாயமும் ஒரு பழக்கப்பட்ட கண்ணும் இருந்ததால் தெரிந்தது.

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலோடு எண்ணூர் கழிமுகத்தில் எண்ணெய் படர்ந்து, மீனவர்கள் குவளையால் மொண்டு வாளியில் ஊற்றிக்கொண்டிருந்தபோது ஒரு நண்பர் கேட்டார்: "உன் டீசல் பூசணத்தை விட்டுத் தின்னச் சொல்லேன்." கேட்க நன்றாக இருக்கிறது. எண்ணெய் தின்னும் பூஞ்சைகளும் பாக்டீரியாக்களும் அந்தச் சேற்றில் தாமாகவே இருக்கத்தான் செய்யும். ஆனால் அலையாத்தி வேரில் படிந்த கசடை அவை தின்று முடிக்க எடுக்கும் காலம் வேறு, ஒரு மீனவக் குடும்பம் வலை போடாமல் இருக்கக்கூடிய காலம் வேறு.

டிரைவர் அண்ணன் கதையைப் பாதியில் விட்டேன். சார் பெயர் சொன்ன மறுநாளே பர்ச்சேஸ் பிரிவுக்குப் போய், தவறு என் பக்கம் என்று எழுதிக் கொடுத்தேன். மெமோ வந்தது, வாங்கிக்கொண்டேன். ஆனால் அதற்குள் அண்ணன் அந்த முதலாளியிடம் வேலையை விட்டிருந்தார். ஜூன் மாதம் தண்டையார்பேட்டையில் ஒரு டீக்கடையில் அகப்பட்டார். துறைமுகத்துக்கு கன்டெய்னர் ஓட்டிக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னேன்: தண்ணீர், வால்வு, டீசல் குடிக்கும் பூசணம், எல்லாம். முழுசும் கேட்டார். "டீசல்ல பூசணமா?" என்று இரண்டு முறை கேட்டார். பிறகு, "இத அன்னிக்கே அந்த நாலு பேர் முன்னாடி சொல்லியிருக்கணும் சார்," என்றார். அந்த நாலு பேரில் இரண்டு பேர் அதற்குள் வேறு கம்பெனிக்குப் போயிருந்தார்கள். டீக்குக் காசு அவரே கொடுத்துவிட்டார், என்னைக் கொடுக்க விடவில்லை.

சார் இந்தச் சந்திப்புக்கு வருவதாகச் சொல்லியிருக்கிறார். மைக்ராஸ்கோப் ஒன்றைத் தாவரவியல் துறை கொடுக்கிறது. என் பழைய ஹார்லிக்ஸ் பாட்டிலையும் கொண்டு வருகிறேன். அடியில் கொஞ்சம் தண்ணீர், மேலே டீசல், நடுவே அவர். பத்து வருடமாக உயிரோடுதான் இருக்கிறார் என்று நினைக்கிறேன், சார் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். மதிய உணவுக்குப் பிறகு தாவரவியல் ஆய்வகத்துக்கு வாருங்கள். சாப்பாட்டுக்கு முன்னால் யாரும் பாட்டிலைத் திறக்க வேண்டாம்.